எட்டு மணி நேரச் சட்டி

மாடியில் என் கணவரின் அக்கா, எனக்கு அண்ணி; கீழே நாங்கள். இரண்டு வீட்டுக்கும் ஒரே மீட்டர், கரண்ட் பில் பாதிப் பாதி. நான் பஸ் ஓட்டுகிறவள். விடியும் முன் கிளம்பினால் பொழுது சாயத்தான் வீடு. என் சம்பளத்தில் வாங்கிய ஸ்லோ குக்கர் என்ற மின்சாரச் சட்டியில் காலையில் பயறும் காயும் போட்டுவிட்டுப் போனால், திரும்பும்போது சுடச்சுடச் சாப்பாடு இருக்கும். அந்தச் சட்டி இல்லாமல் எனக்கு ஆகாது.

அந்த மாதம் பில் எகிறியது. அண்ணி தாளோடு இறங்கி வந்தார்.

"எட்டு மணி நேரம் கரண்ட் குடிக்கிற சட்டி நம்ம வீட்டுக்கு எதுக்கு? கடையிலயே திருப்பிக் குடுத்துரு."

என் கணவர் வழக்கம்போல மதில்மேல் பூனை. எனக்குச் சுருக்கென்றது.

"ஞாயித்துக்கிழமை ரெண்டு வீட்லயும் எல்லாத்தையும் அணைப்போம் அண்ணி. சட்டி மட்டும் ஓடட்டும். ரெண்டு யூனிட்டைத் தாண்டினா நானே திருப்பிக் குடுத்துடறேன்."

ஞாயிறு காலை ஒன்பது மணி. ஃபிரிட்ஜைக்கூட விடவில்லை. ஆனால் மீட்டரின் சிவப்பு விளக்கு படபடவென்று சிமிட்டியது.

"பாத்தியா, என்ன வேகம்," என்றார் அண்ணி.

"சட்டிய இன்னும் சொருகவே இல்லையே அண்ணி."

என் கணவர் மாடியில் ஒவ்வொரு சுவிட்சாகத் தடவிப் பார்த்தார். குளியலறை ஹீட்டர் ஓடிக்கொண்டிருந்தது. படுக்கையறைச் சுவரில் இருந்த அதன் சுவிட்சில் எரியும் சின்ன விளக்கின் மேல் பிளாஸ்திரி ஒட்டியிருந்தது.

"படுக்கும்போது கண்ணுல அடிக்குதுன்னு போன மாசம் ஒட்டினேன்," என்றார் அண்ணி, மெதுவாக. அணைந்திருக்கிறதா எரிகிறதா என்று அன்றிலிருந்து அவருக்கே தெரியவில்லை.

ஹீட்டரை அணைத்துவிட்டுச் சட்டியைச் சொருகினோம். மாலை ஐந்துக்கு மீட்டரைப் பார்த்தால் ஒன்று புள்ளி இரண்டு யூனிட். நான் மூன்று தட்டு வைத்தேன். அண்ணி இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார். மன்னிப்புக் கேட்கிற பழக்கம் அவருக்குக் கிடையாது.

மறுநாள் வேலை முடிந்து வந்தேன். கேட்டருகே அண்ணி பக்கத்து வீட்டுக்காரியிடம் பேசிக்கொண்டிருந்தார். நான் வந்ததை அவர் பார்க்கவில்லை.

"நாள் பூரா ஓடினாலும் ஒரு யூனிட்டு சொச்சம்தான். எங்க வீட்ல பஸ் ஓட்டுறாளே, அவ பாத்து வாங்கினது."

எனக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. அவர் சொல்லி முடிக்கட்டும் என்று தெருவிலேயே கொஞ்ச நேரம் நின்றேன்.