மணிக்கு முன்னால்

அந்த நகரத்தில் வருஷத்துக்கு ஒரு வால் உண்டு. மாதங்கள் எல்லாம் முடிந்தாலும் அடுத்த வருஷம் உடனே பிறந்துவிடாது. வானத்தில் இரண்டு நிலாக்கள். அதில் சின்ன நிலா மலைக்குப் பின்னால் விழுந்ததும் கோபுரத்தில் மணி அடிப்பார்கள், வருஷம் முடிந்தது. மறுபடி அது தலைகாட்டும் வரை உள்ள நாட்களுக்குப் பெயரும் இல்லை, தேதியும் இல்லை. ஊமை நாட்கள் என்பார்கள்.

அந்த நாட்களில் பிறக்கிற குழந்தைக்குக் குறையில்லை, புது வருஷத்தின் முதல் நாளில் பிறந்ததாக வைத்துக்கொள்வார்கள். சாகிறவர்கள் பாடுதான் திண்டாட்டம். அந்த ஊரில் தினமும் காலையில் மணிக்காரர் கோபுரத்தில் நின்று, முந்தைய வருஷங்களில் அதே தேதியில் இறந்தவர்களின் பெயர்களைக் கூவுவார். வீட்டார் கீழே நின்று, பெயர் பொறித்த மெழுகுவர்த்தி ஒன்றை ஏற்றுவார்கள். ஊமை நாளில் போனவருக்குத் தேதி ஏது? தேதி இல்லையென்றால் கூவலும் இல்லை, மெழுகும் இல்லை. இந்த ஏற்பாட்டைக் கண்டுபிடித்த புண்ணியவான் வீட்டில் யாரும் செத்திருக்க மாட்டார்கள்.

ஊருக்கெல்லாம் அந்த மெழுகுவர்த்திகளை வார்ப்பவள் மெழுகுக்காரி. அவள் மூத்த பையன் காய்ச்சலில் போனது ஓர் ஊமை நாளில். ஊரார் பிள்ளைகளின் பெயரையெல்லாம் மெழுகில் பொறித்தவள், தன் பிள்ளைக்கு ஒரு திரி போட வழியில்லாமல் தினமும் கோபுரத்தடியில் கூடையோடு நின்றாள். கூவுவது வேறு யாருமல்ல, அவளுடைய சொந்த அண்ணன்தான். வராது என்று தெரிந்தும் அவள் காது அந்த ஒரு பெயருக்காகக் காத்திருக்கும். மனசு கேட்டால்தானே.

இந்த வருஷத்தின் கடைசி நாளில் அவளுடைய மகள் அதே காய்ச்சலில் கிடந்தாள். வாயும் காலும் ஓயாத பெண் என்பதால் தெருவே அவளை வாலு என்றுதான் கூப்பிடும். வைத்தியர் நாடியைப் பார்த்தார், "இன்னிக்கோ நாளைக்கோ" என்றார், பையை மூடிக்கொண்டு போனார்.

இன்றைக்கு என்றால் தேதி உண்டு. நாளைக்கு என்றால் இல்லை. மெழுகுக்காரி அடுப்பைப் பற்றவைத்து ஒரு மெழுகுவர்த்தி வார்த்தாள். ஆறுவதற்குள் மகளின் பெயரைப் பொறித்து அலமாரிக்கு அடியில் வைத்தாள். பக்கத்து வீட்டுக்காரியைக் காவலுக்கு உட்காரவைத்துவிட்டுக் கோபுரப் படியேறினாள்.

அண்ணன் மணியின் அச்சுக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தான்.

"அண்ணே, இன்னிக்கு மணியக் கொஞ்சம் தள்ளி அடி."

"நிலா என்ன எனக்கு மச்சானா, நில்லுன்னா நிக்கறதுக்கு?"

"போன வருஷம் நம்ம ஊர்த் தலைவரோட அம்மா இழுத்துக்கிட்டுக் கெடந்தப்ப நின்னுச்சே! மேகம் மறைக்குதுன்னு சொன்னியே. நானும் கீழதான் நின்னேன். வானம் தொடச்சு வெச்ச மாதிரி இருந்துச்சு."

அவன் கையைத் துணியில் துடைத்தான். துடைத்த கையையே மறுபடி துடைத்தான்.

"என் வேலை போயிடும்மா."

"ஊர்ல செத்தவங்க பேரெல்லாம் உன் வாயில வருது. என் பையன் பேரு மட்டும் ஒருநாளும் வரல. இவ பேரையாவது கூவு."

"ஒருவேளை அவ பொழச்சுக்கிட்டா?"

"பொழைக்க மாட்டா." சொன்ன வேகம் அவளுக்கே அருவருப்பாக இருந்தது.

அண்ணன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "போ. புள்ள பக்கத்துல இரு" என்றான்.

சாயங்காலம் சின்ன நிலா வெளுத்துப்போய் மலையைத் தொட்டது. இறங்கியது. மறைந்தது. மணி அடிக்கவில்லை.

மணி அடித்த பிறகுதான் கடையைச் சாத்தலாம் என்பது சட்டம். தெருவெல்லாம் கையில் பூட்டோடு நின்றது. "மணிக்காரர் தூங்கிட்டாரா?" என்றது ஒரு குரல். "அவருக்கென்னப்பா, உக்காந்த எடத்துல சம்பளம்" என்றது இன்னொன்று. சிரிப்பு எழுந்தது. நேரமாக ஆக, சிரிப்பு போய்க் கத்தல் வந்தது.

உள்ளே மெழுகுக்காரிக்குத் தெரியும். அண்ணன் அவளுக்காக ஒரு வருஷத்தையே கயிற்றில் கட்டிப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். எவ்வளவு நேரம் பிடிப்பான், பாவம். அவள் மகளின் காதருகே குனிந்தாள்.

"மாமா நமக்காகப் பிடிச்சு வெச்சிருக்காரு. மணி அடிக்கறதுக்குள்ள போயிடு கண்ணு."

வாலுவின் நெஞ்சு ஏறி இறங்கியது.

"போயிடு தங்கம். உன் அண்ணனுக்கு ஆன மாதிரி உனக்கும் ஆகக் கூடாது. போயிடு."

கோபுரத்தின் பக்கம் காவலர்களின் சத்தம் கேட்டது. மெழுகுக்காரிக்குக் கோபமே வந்துவிட்டது. "ஏன்டி இப்படி அடம்பிடிக்கிற? நேரமாச்சு, கெளம்பு!" பள்ளிக்கூடத்துக்கு விரட்டுகிற அதே குரல்.

மணி அடித்தது. வாலு மூச்சு விட்டுக்கொண்டிருந்தாள். மெழுகுக்காரி தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். மகள் உயிரோடு இருக்கிறாளே என்ற சந்தோஷத்தில் அழவில்லை. எந்தத் தாயும் வாய்விட்டுச் சொல்ல முடியாத அழுகை அது.

இரண்டாம் ஊமை நாளில் காய்ச்சல் விட்டது. வாலு கண்ணைத் திறந்து, "பசிக்குது" என்றாள். மெழுகுக்காரி அவளை அள்ளி மடியில் போட்டு, முகமெல்லாம் முத்தம் கொடுத்தாள். அந்த முத்தம் பொய்யில்லை. ஆனாலும் மகளின் காதைத் தொட மட்டும் அவளுக்குக் கை வரவில்லை.

புது வருஷம் பிறந்த அன்று கோபுரத்தில் வேறு ஆளின் குரல் கேட்டது. "அன்னிக்கு ஒரு பொட்டு மேகம்கூட இல்லையே" என்று விசாரணையில் சொன்னவர் தலைவர். ஆமாம், அதே தலைவர்தான். கோபுரத்து வீட்டைக் காலிசெய்துகொண்டு அண்ணனும் அண்ணியும் தட்டுமுட்டுச் சாமான்களோடு மெழுகுக்காரி வீட்டுக்கே வந்து சேர்ந்தார்கள்.

"செத்தவளுக்காகப் போன வேலைன்னாலும் மனசு ஆறியிருக்கும்" என்றாள் அண்ணி, பாத்திரங்களை இறக்கிக்கொண்டே.

"வாய மூடு" என்றான் அண்ணன். வாலு வாசற்படியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அந்தப் பாத்திரங்களுக்கு இடம் பண்ண அலமாரியை நகர்த்தினார்கள். மெழுகுவர்த்தி உருண்டு வந்து வாலுவின் காலடியில் நின்றது. அவள் எடுத்து, விரலால் தடவித் தடவிப் படித்தாள்.

"அம்மா, இது என் பேரு."

"உனக்கு வெளையாடத்தான் செஞ்சேன். குடு இப்படி."

"பொய் சொல்லாதம்மா. எல்லாம் எனக்குக் கேட்டுச்சு." வாலு மெழுகுவர்த்தியை நீட்டினாள். "நீ போ போன்னு சொன்னப்ப நானும் போகத்தாம்மா பாத்தேன். மூச்சக்கூட அடக்கிப் பாத்தேன். அதுவா வந்துடுச்சு."

மெழுகுக்காரி நீட்டிய கை நீட்டியபடி நின்றாள்.

"மாமாவுக்கு வேலை போனது என்னாலதானே? கோவப்படாதம்மா. அடுத்த தடவ மணிக்கு முன்னாடியே போயிடறேன்."