214ஆம் பக்கத்து அட்டை

அந்தப் பள்ளிக்கூடத்து நூலகருக்குப் பிள்ளைகள் வைத்த பெயர் உஷ் மேடம். பத்தொன்பது வருஷமாக அவர் வாயிலிருந்து அதிகம் வந்த சொல் அதுதான் என்பதால் பிள்ளைகளைக் குறை சொல்வதற்கில்லை. வீட்டில் அந்தச் சொல்லுக்குக்கூட வேலை கிடையாது. யாரை அடக்குவது? ஞாயிற்றுக்கிழமை அண்ணன் போன் செய்து, "சாப்பிட்டியா?" என்பார். இவர் வாயைத் திறப்பதற்குள் தன் முட்டிவலிக்குத் தாவிவிடுவார். போனை வைத்த பிறகு திங்கட்கிழமை காலைவரை இவருக்குப் பேச ஆளில்லை.

நூலகத்தில் இரண்டாம் அலமாரி எப்போதும் பாதி காலியாக இருக்கும். பள்ளிக்கூடத்துக் காதல், நண்பர்கள் சண்டை, வீட்டை விட்டு ஓடும் பெண் என்று பதின்வயதுக்காரர்களுக்காகவே எழுதிய நாவல்கள் அங்கேதான். ஏழாம் அலமாரியில் பழைய பெரிய நாவல்கள். அவை அடுக்கு குலையாமல் நிற்கும். தூசி தட்டும் ஆயா மட்டும்தான் அவற்றைத் தொட்டவர். உஷ் மேடத்துக்கு உயிரே அந்த ஏழாம் அலமாரிதான். அதைப் பற்றி ஒரு வார்த்தை பேச யாராவது வரமாட்டார்களா என்று ஏங்கி ஏங்கி, கடைசியில் ஒரு தந்திரம் செய்தார்.

இரண்டாம் அலமாரிப் புத்தகத்தில் கதை சூடு பிடிக்கிற பக்கமாகப் பார்த்து ஒரு துண்டுச்சீட்டு ஒட்டினார். மஞ்சள் அட்டை நாவல் ஒன்றில், அப்பா தட்டத் தட்ட மகள் அறைக்கதவைத் திறக்காமல் உட்கார்ந்திருக்கிற ஐம்பத்தேழாம் பக்கத்தில் இப்படி எழுதினார்: 'இதே மாதிரி ஒரு அம்மா, ஓடிப்போன மகன் திரும்பி வந்தபோது கதவைத் திறக்கவில்லை. ஏழாம் அலமாரி, பச்சை பைண்டு, 214ஆம் பக்கம்.' பச்சை பைண்டின் 214ஆம் பக்கத்தில் வெற்று அட்டை ஒன்றைச் செருகினார். அதன் தலையில், 'பெயர் வேண்டாம். ஒரு வரி எழுதினால் போதும்' என்று மட்டும் இருந்தது.

நாலு மாதம் ஒன்றுமில்லை. மேடம் தினமும் சாயங்காலம் அட்டையை எடுத்துப் பார்ப்பார், திரும்ப வைப்பார். ஒரு செவ்வாய்க்கிழமை அதில் நீல மையில் ஒரு வரி இருந்தது. 'இந்தம்மா கதவத் திறக்காதது கோவத்துலயா, பயத்துலயா?'

முப்பது வருஷமாக மேடமும் இதையே அல்லவா கேட்டுக்கொண்டிருக்கிறார்! 'எனக்கும் தெரியவில்லை. நீ என்ன நினைக்கிறாய்?' என்று கீழே எழுதினார். இரண்டு நாள் கழித்துப் பதில் வந்தது. 'கோவம்னு சொல்லிக்கிட்டு பயப்படுறாங்க. எங்க வீட்லயும் அப்படித்தான்.'

எழுதியது யார் என்று தெரிய வேண்டாம் என்றுதான் அவர் விதி வைத்தார். ஆனால் கண் சும்மா இருக்குமா? ஒவ்வொரு வரியும் இடமிருந்து வலமாக இழுபட்டு மை ஈஷியிருந்தது. இடது கையால் எழுதுகிறவர்களுக்குத்தான் அப்படி ஆகும், எழுதியதன் மேலேயே உள்ளங்கை நகரும். ஒன்பதாம் வகுப்பில் ஒருத்திக்கு இடது உள்ளங்கை ஓரம் எப்போதும் நீலம். வகுப்பில் அவளை 'லெஃப்டு' என்று கூப்பிடுவார்கள். மதிய இடைவேளையில் கூட்டத்தோடு சாப்பிடாமல் மாடிப்படியில் தனியாக உட்கார்ந்திருப்பாள். மேடமும் அந்த நேரத்தில் டப்பாவைத் திறந்து தனியாகத்தான் சாப்பிடுவார். கண்டுபிடித்த அன்று அவர் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் சிரித்துக்கொண்டே போனார்.

அதோடு நிறுத்தியிருக்கலாம்.

அடுத்த வாரம் ஒன்பதாம் வகுப்பை நூலகத்துக்கு அழைத்து வந்த கணக்கு வாத்தியார், ஏழாம் அலமாரியைத் தட்டிப் பார்த்தார். "இதை எதுக்கு மேடம் கட்டிக்கிட்டு அழறீங்க? ஸ்டோர் ரூமுக்கு அனுப்பிட்டா நாலு கம்ப்யூட்டர் வைக்கலாம். இந்தக் காலத்துப் பசங்க யாரு இதைத் தொடப்போறாங்க?"

"யார் சார் சொன்னது?" என்று மேடம் எழுந்தார். பெருமை தலைக்கேறிவிட்டது. பச்சை பைண்டை உருவி, அட்டையை எடுத்து, வகுப்பு முழுக்கக் கேட்கும்படி வாசித்தார். "கோவம்னு சொல்லிக்கிட்டு பயப்படுறாங்க. எங்க வீட்லயும் அப்படித்தான். எப்படி எழுதியிருக்கா பாருங்க! இதோ, இவதான்."

அவர் விரல் நீண்ட இடத்தில் அவள் உட்கார்ந்திருந்தாள். பின்பெஞ்சிலிருந்து ஒருவன், "ஏய் லெஃப்டு, உங்க வீட்ல யாருடி பயப்படுறது? உங்கப்பாவா?" என்றான். வகுப்பே சிரித்தது. மேடம் உஷ், உஷ் என்றார். எப்போதும் அடங்குகிற பிள்ளைகள் அன்று அடங்கவில்லை. அவள் அழவில்லை. கையை மட்டும் மடக்கிப் பாவாடைக்குள் வைத்துக்கொண்டாள்.

அதற்குப் பிறகு நூலகத்துப் பக்கம் அவள் மேடத்தின் கண்ணில் படவில்லை. மாடிப்படியிலும் காணோம். மேடம் டப்பாவைத் திறந்தால் சோறு இறங்கவில்லை. கூப்பிட்டு மன்னிப்புக் கேட்கலாம்தான். நாலு பேர் பார்ப்பார்களே, அதுவும் இன்னொரு கூத்தாகிவிடுமே என்று பயந்தார். கிடைத்தது ஒரே ஒரு ஆள், அதையும் தன் வாயாலேயே விரட்டியாயிற்று என்று தன்னையே திட்டிக்கொண்டார்.

மூன்றாவது வாரம், பழக்கதோஷத்தில் பச்சை பைண்டைத் திறந்தார். அன்று திரும்பச் செருகிய அட்டை அப்படியே இருந்தது. கூடவே ஒரு துண்டுச்சீட்டு. ஈஷிய நீல மை. 'இரண்டாம் அலமாரி, மஞ்சள் அட்டை, 131ஆம் பக்கம்.'

மேடத்துக்கு முகம் சுட்டது. உண்மையைச் சொன்னால், அந்த மஞ்சள் அட்டையை அவர் ஐம்பத்தேழாம் பக்கத்துக்கு மேல் படித்ததே இல்லை. இரண்டாம் அலமாரியில் எதையுமே முழுசாகப் படித்ததில்லை. தூண்டிலில் மாட்ட ஒரு பக்கம் கிடைத்தால் போதும் என்று புரட்டியதுதான். தன் அலமாரியைப் பிள்ளைகள் தொடவில்லை என்று புலம்பிக்கொண்டு, அவர்கள் அலமாரியை இவர் மட்டும் என்ன தொட்டுவிட்டார்?

131ஆம் பக்கத்தில், விருந்தாளிகள் நடுவில் சித்தி அந்தப் பெண்ணின் டைரியை எடுத்து வாசிக்கிறாள். எவ்வளவு அழகாக எழுதுகிறாள் பாருங்கள் என்கிறாள். பக்கத்தின் அடியில் அந்தப் பெண் சொல்கிறாள்: சித்தி நல்லதுக்குத்தான் வாசித்தாள், அதனால்தான் யாரிடமும் போய் அழக்கூட முடியவில்லை.

மேடம் முதல் பக்கத்துக்குத் திரும்பினார். மதியம் முழுக்கப் படித்தார், பேருந்தில் படித்தார், வீட்டில் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றபடி கடைசிப் பக்கத்தை முடித்தார். நல்ல கதை. அதைச் சொல்ல வீட்டில் ஆளில்லாதது அன்று ரொம்ப உறைத்தது.

மறுநாள் புது அட்டையில் எழுதினார். 'முழுசாகப் படித்தேன். அந்தச் சித்தி நான்தான். இனி யாருக்கும் வாசிக்கமாட்டேன், யாரென்று பார்க்கவும் மாட்டேன்.' அதை 214ஆம் பக்கத்தில் வைத்தார். ஏழாம் அலமாரியின் பின்பக்கம், தன் மேஜையிலிருந்து தெரியாத இடத்தில், ஒரு ஸ்டூலைக் கொண்டுபோய்ப் போட்டார்.

ஒரு வாரம் அட்டை அசையவில்லை. அடுத்த திங்கட்கிழமை 221ஆம் பக்கத்தில் இருந்தது. பதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. செவ்வாய் 230. புத்தகத்தை யாரும் பதிவேட்டில் எழுதி எடுத்துப் போகவில்லை. ஸ்டூல் மட்டும் சுவரோரமாகத் தள்ளியிருந்தது.

புதன்கிழமை மதிய மணி அடித்தது. கதவு கிரீச்சிட்டது. காலடி மேஜையைத் தாண்டி, ஏழாம் அலமாரிப் பக்கம் போய் நின்றது. நிமிர்ந்தால் ஒரு முகம் தெரியும், ஒரு வார்த்தை பேசலாம். உஷ் மேடம் பதிவேட்டை விரித்து, அதில் எழுதுவதற்கு ஒன்றுமே இல்லாவிட்டாலும், இடைவேளை முடிகிறவரை குனிந்தே இருந்தார்.