மூன்று, ஒன்று

சுரங்கத்து விளக்கு அறையில் வேலை செய்யும் நம்பேயே என்பவள் ஒரு காகிதத்தை என் கையில் திணித்தாள். ஃபோர்மேன் தலைவிளக்கு எடுக்க வருவதற்குள் அவருடைய விளக்குப் பட்டையிலிருந்து உருவியிருக்கிறாள்.

"யார் செருகினான்னு பாக்கல. போன வாரம் சங்கத்துல சேர்ந்த ரெண்டு பேரை வீட்டுக்கு அனுப்புனானுங்களே, அதுக்கு முன்னாடியும் இப்படி ஒண்ணு இருந்துச்சு. நீதான் பெரிய படிப்பாளியாச்சே, பாரு."

நான் படித்தது ஏழாம் வகுப்பு. சங்கம் கட்டும் எங்கள் ஐந்து பேரில் எவன் காட்டிக்கொடுக்கிறான் என்பது சனிக்கிழமைக் கூட்டத்துக்குள் தெரிந்தாக வேண்டும். இல்லையென்றால் அடுத்து போவது என் வேலை. கூடவே சுரங்கம் கொடுத்த வீடு.

எல்லாம் ஆங்கில எழுத்துகள்தான். ஒரு சொல்லும் வாயில் நுழையவில்லை. ஷிப்ட் முடிந்து, தூசியைக்கூடக் கழுவாமல் கழிவுமேட்டு நிழலில் உட்கார்ந்தேன். ஒவ்வொரு எழுத்தையும் ஏபிசிடி வரிசையில் ஓரிடம் பின்னால் தள்ளிப் பார்த்தேன். இரண்டு, மூன்று, ஒன்பது வரைக்கும். தலைகீழாகவும் படித்தேன். குப்பை.

காட்டிக்கொடுப்பவன் யார் பெயரையாவது எழுதாமல் இருப்பானா? கடைசிச் சொல்லுக்கு ஏழு எழுத்து: பி, வி, வி, பி, க்யூ, ஈ, டி. ஐந்து பேரில் ஆங்கிலத்தில் ஏழெழுத்துப் பெயர் என்னுடையது மட்டும்தான், முசோண்டா. ஆனால் என் பெயரில் ஒரே எழுத்து அடுத்தடுத்து வராது. அதனால் ஒதுக்கிவிட்டிருந்தேன். வேறு எதுவும் பொருந்தாமல் போகவே, அதையே கீழே எழுதி விரல்விட்டு எண்ணினேன். எம்மிலிருந்து பி மூன்று. யூவிலிருந்து வி ஒன்று. மறுபடி மூன்று. மறுபடி ஒன்று.

அந்தக் கணக்கு என்னுடையது.

எங்கள் அப்பா வீட்டுக்கு வரும் கடிதத்தையெல்லாம் பிரித்துப் படிப்பார். கபாசோ என் தங்கை லூசேயைக் கட்ட அலைந்த நாளில், கடிதம் எழுத நான்தான் இதைச் சொல்லிக்கொடுத்தேன். எங்கள் மூன்று பேரைத் தவிர யாருக்கும் தெரியாது. சங்கத்து ஐவரில் கபாசோவும் ஒருவன்.

நான் அவன் வீட்டுக்குப் போனபோது அவன் சோளக்களியை உருட்டிக்கொண்டிருந்தான்.

"வா மச்சான்! மூக்குல வேர்த்துருச்சா? கை கழுவு, மீன் தீரப்போவுது."

காகிதத்தைத் தட்டின் பக்கத்தில் வைத்தேன். உருண்டை வாய்க்குப் போகவில்லை.

"தரைக்கு மேல வேலை தர்றோம்னாங்க மச்சான். என் இருமல் உனக்குத் தெரியாதா? கீழ இருந்தா செத்துருவேன். உன் தங்கச்சிக்காகத்தான்..."

"என் பேரை வித்துத்தான் என் தங்கச்சிக்குச் சோறு போடுவியாடா?"

"என்னண்ணே சத்தம்?" என்று வந்த லூசே காகிதத்தை எடுத்துவிட்டாள். பிடுங்கக் கை நீட்டினேன். அதற்குள் படிக்கத் தொடங்கியிருந்தாள். எனக்கு ஒரு மாலை முழுக்கப் பிடித்தது. அவளுக்குப் பென்சில்கூட வேண்டியிருக்கவில்லை. இரண்டு வருடம் அவன் கடிதங்களை இப்படிப் படித்துப் பழகியவள்.

"சனிக்கிழமை... ரெண்டு மணி... கோழிச் சந்தைக்குப் பின்னாடி... தலைவன்..."

கடைசிச் சொல்லை அவள் படிக்கவில்லை.

"எனக்கு லெட்டர் எழுதுன எழுத்துலயேவா இதையும் எழுதுன?" என்றாள் அவனிடம்.

அவன் முன்னாலிருந்த தட்டை எடுத்துக்கொண்டு போய் வாசலில் கோழிகளுக்குக் கொட்டினாள்.

கூட்டத்தை வேறு இடத்துக்கு மாற்றினோம். நான்கு பேர்.