சத்தம் பதியாத ஹட்டன் வீதி

"சோலைமலை அண்ணே, உங்க சம்சாரமும் படத்துல வர்றாங்க," என்றார் பலசரக்குக் கடை மர்சூக். டிக்கோயாவைச் சேர்ந்த துஷாந்த் என்ற பையன், போன தீபாவளிக்கு ஹட்டன் கடைவீதியைப் படம் பிடித்திருந்தானாம். அதை ஊர் மண்டபத்தில் காட்டுகிறானாம்.

வேலாயி செத்து ஏழு மாதம். அடையாள அட்டைப் படம் ஒன்றுதான் மிச்சம். அதில் யாரோ மிரட்டி உட்கார வைத்தது போல இருப்பாள். அவள் நடமாடுவதை ஒரு தடவை பார்த்துவிட வேண்டும் என்றுதான் போனேன். கலை ரசிக்க என்று யாரும் நினைக்க வேண்டாம்.

முதலில் நூறு வருடத்துக்கு முந்திய ஏதோ வெளிநாட்டு நகரத்துத் தெரு ஓடியது. தொப்பிக்காரர்கள், குதிரை வண்டிகள். கதையும் கிடையாது, சத்தமும் கிடையாது. "அந்தக் காலத்து ஆளுங்க எடுத்த மாதிரியே நானும் எடுத்தேன். சத்தம் பதியவே இல்ல," என்று துஷாந்த் பெருமையாகச் சொன்னான். எனக்குக் கொட்டாவி வந்தது.

பிறகு ஹட்டன் வந்தது. பஸ், ஆட்டோ, துணிக்கடைக் கூட்டம். அதில் நான் வந்தேன். பின்னால் வேலாயி.

எங்கள் தேயிலைத் தோட்டத்து ஆட்களை எந்தக் கூட்டத்திலும் கண்டுபிடித்துவிடலாம். செடிகளுக்கு நடுவே ஒற்றையடிப் பாதையில் பழகிய கால்கள், அகல வீதியிலும் ஒருவர் பின்னால் ஒருவராகத்தான் போகும். கல்யாணமான நாளிலிருந்து நான் முன்னால், அவள் பின்னால். அவள் நடையை நான் பார்த்ததே இல்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

படத்தில் அவள் பேசிக்கொண்டே வந்தாள். கையை ஆட்டி ஆட்டி, என் முதுகோடு அத்தனை பேச்சு. நடுவில் ஒரு சிரிப்பு வேறு. முன்னால் போகிற மனுசன் பஸ் இரைச்சலில் எதுவும் காதில் விழாமல் விறுவிறுவென்று போய்க்கொண்டிருந்தான்.

முடிந்ததும் துஷாந்தைப் பிடித்தேன். "தம்பி, அவ பேசுற எடத்துல கொஞ்சமாச்சும் சத்தம் இருக்காதா?"

"இல்லீங்க ஐயா. என்ன சொன்னாங்கன்னு ஒங்களுக்கு ஞாபகம் இல்லீங்களா?"

"காதுல விழுந்திருந்தாத்தானே."

அவன் பாவம், தலையைக் குனிந்துகொண்டான். வெளியே வந்துவிட்டேன்.

தோட்டத்து லயத்து வீட்டுக்கு ஏறும் பாதையில் பாதி தூரம் போனதும் தாங்கவில்லை. நின்றேன். திரும்பிப் பார்த்து, "என்னத்துக்குடி சிரிச்ச?" என்று கேட்டேன்.

பாதையில் யாருமில்லை.