கல்பனாவுக்கு ஒரு கஷ்டம் தேவை

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன் கண்ணுங்களா, இந்தக் கதை என் தலையில் உதித்ததல்ல. மலைக்குப் போகிற கூட்டத்தால் திருத்தணி பஸ் ஸ்டாண்டிலேயே நின்றுவிட்ட பஸ்ஸில், முன்சீட்டுக்காரி புருஷனோடு சண்டை போட்டாள்: "எனக்கு மட்டும் ஏன் பாவா ஒரு கஷ்டமும் வரல?"

எனக்குக் கிடைத்தது அந்த ஒரு வரிதான். மற்றதெல்லாம் நான் கட்டியது. அவளுக்குக் கல்பனா என்று பெயர் வைத்தேன். அவனுக்கு ஆனந்தன். அம்மையார்குப்பத்தில் விசைத்தறி ஓட்டுகிறான்.

2

கல்பனாவுக்கு நாற்பத்தெட்டு வயது. சின்ன வயதில் சர்ச்சில் புதுநன்மை என்கிற முதல் நற்கருணை வாங்கியதோடு சரி, படித்த மந்திரமெல்லாம் மறந்துபோயிற்று. இப்போது அதே சர்ச்சில் அருங்கொடை இயக்கம் என்கிற ஜெபக் குழுவினர் பெரியவர்களுக்கென்றே நடத்தும் மறைக்கல்வி வகுப்புக்குப் பன்னிரண்டு வாரமாகத் தவறாமல் வருகிறாள். வருகிற ஞாயிற்றுக்கிழமை கடைசி வகுப்பு. ஒவ்வொருவரும் மைக்கில் சாட்சி சொல்ல வேண்டும்: முன்பு எப்படிக் கிடந்தேன், ஆண்டவர் எப்படித் தூக்கிவிட்டார். அதற்குப் பிறகுதான் குழுவில் சேர்ப்பார்கள்.

கூடப் படிக்கிறவர்களிடம் சாட்சி தயார்: புவனாவுக்குச் சிறுநீரகக் கல் கரைந்தது. ஸ்ரீதர் குடியை விட்டார். கல்பனாவுக்கோ தலைவலிகூட வந்ததில்லை.

3

கஷ்டம் இல்லாமல் கதை எப்படி எழுதுவது? நானும் முயன்று பார்த்தேன்.

அன்று டாக்டர் ரிப்போர்ட்டைப் புரட்டிவிட்டு

(வேண்டாம். அவளைப் படுக்கையில் தள்ள மனசு வரவில்லை.)

ஆனந்தன் தள்ளாடிக்கொண்டே வாசலில்

(இதையும் அடித்தேன். ஆனால் அவன் விடுவதாக இல்லை.)

"என்னையே குடிகாரன்னு சொல்லிடு. நான் ஒண்ணியும் நெனச்சுக்க மாட்டேன்."

"டீ குடிக்கவே என்னைக் கேட்டுகினு போற ஆளு நீ! யாரு நம்புவாங்க?"

"அப்ப வுட்டுட்டான்னும் சேத்துச் சொல்லு. ஆண்டவர் மாத்திட்டாருன்னு."

"சாமி பேரைச் சொல்லிப் பொய்யா? அதுக்கு நான் சேராமயே இருந்துடுவேன் பாவா."

சொல்லிவிட்டு, ஞாயிற்றுக்கிழமைக்கென்று எடுத்து வைத்த சேலையை மறுபடி மடித்தாள். சேர அவ்வளவு ஆசை.

(ஓரத்தில் ஒரு குறிப்பு: சாட்சி கேட்கிறவர்களும் என்னைப் போன்ற கதைக்காரிகளும் ஒரே ரகம். யாராவது பள்ளத்தில் விழுந்தால்தான் திரும்பிப் பார்ப்போம்.)

4

ஞாயிறு. வகுப்பு நடத்தும் சுதா டீச்சர் மைக்கை நீட்டினார்.

"எனக்கு ஒரு கொறையும் இல்லீங்க," என்றாள் கல்பனா.

யாரோ இருமினார்கள்.

"ஆண்டவர்கிட்ட ஒண்ணுமே கேக்காம, நன்றி மட்டும் சொல்லிப் பாருங்கன்னு டீச்சர் சொன்னாங்க. ரெண்டு நிமிஷத்துல முடிஞ்சுடும்னு அடுப்புல பருப்பை வெச்சுட்டு ஒக்காந்தேன். புருஷன், புள்ளைங்க, தறி, மழை, பஸ்ல சீட்டு கெடச்சதுன்னு சொல்லிகினே இருக்கறேன், முடியவே இல்ல. பருப்பு தீஞ்சு போச்சு. நாப்பத்தெட்டு வருஷமா வாங்கிகினே இருந்திருக்கேன். குடுக்கறது யாருன்னு அன்னிக்குத்தான் திரும்பிப் பாத்தேன். அவ்ளோதாங்க."

5

சாட்சி பிடித்துப்போனால் கூட்டம் "அல்லேலூயா" என்று முழங்கும். முழங்கியதாக ஒரு முடிவு எழுதினேன். சுதா டீச்சர் முகம் சுளித்ததாக இன்னொன்று எழுதினேன். இரண்டையும் கிழித்துவிட்டேன். அந்தக் கூடத்தில் உட்கார்ந்திருப்பது நான் இல்லையே.

கல்பனா மைக்கைப் பிடித்தபடி நிற்கிறாள். கடைசி வரிசையில் ஆனந்தன், தீய்ந்த பருப்பைத் தின்ற உரிமையோடு வாயைத் திறந்து தயாராக இருக்கிறான். தனியாக "அல்லேலூயா" சொல்லத்தான் கூச்சம்.

மீதிக் கூட்டம் நீங்கள்தான் கண்ணுங்களா. அவளை எவ்வளவு நேரம் நிற்க வைப்பீர்கள்?