அரைப்படி

பஞ்சநதத்துக்குப் பிடிக்காதவர்களை எழுதத் தொடங்கினால் மாயவரம் தொகுதியின் வாக்காளர் பட்டியலை அப்படியே எடுத்து வைத்துக்கொள்ளலாம். அப்பாவைப் பிடிக்காது; அவர் நெல்லைத் தவிர வேறு பேச்சே பேச மாட்டார். அப்பாவிடம் கூலி கேட்டு நிற்பவர்களையும் பிடிக்காது. அவர்களும் நெல்லைத்தான் பேசினார்கள். சபாக்களில் தொடையைத் தட்டுகிறவர்களைக் கண்டால் கொட்டாவி வரும். மெல்லிசைக் குழுக்காரர்களைக் கண்டால் குமட்டும். அவனே ஒரு மெல்லிசைக் குழு நடத்திக்கொண்டிருந்தான் என்பதை யாரும் அவனுக்கு நினைவுபடுத்தியதில்லை.

மிராசுதார் தாண்டவமூர்த்தி தன் ஒரே மகனை பி.காம். படிக்கத்தான் பம்பாய்க்கு அனுப்பினார். மகன் அங்கே கோவாக்காரர்கள் ஜாஸ் வாசிக்கிற ஓட்டல் ஒன்றைக் கண்டுபிடித்து, பியானோவுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து படிப்பைக் கோட்டை விட்டான். திரும்பி வரும்போது ஒரு சின்ன ஆர்கன், ஒரு பேஸ் கிட்டார், உலகத்தில் யாருக்கும் எதுவும் தெரியாது என்கிற முகபாவம், இவற்றோடு ஒரு கார்டையும் கொண்டுவந்தான். டிமினிஷ்டு கார்டு, சேர்த்து அழுத்துகிற ஒரு சுரக் கொத்து. அது கண்ட இடத்திலெல்லாம் வரும். கல்யாண வீட்டில் முருகன் பாட்டுக்கு நடுவில் வரும். மாப்பிள்ளை வீட்டார் திடுக்கிட்டு, யாரோ கட்டையைத் தவறி அழுத்திவிட்டதாக நினைத்துக்கொள்வார்கள்.

ஒரு ஸ்தாயியை நாலு சம பங்காக வெட்டினால் கிடைக்கிற நாலு சுரங்கள்தான் அந்தக் கார்டு. எல்லாம் சம பங்கு என்பதால் நாலில் எது தலைமைச் சுரம் என்று காதால் கண்டுபிடிக்க முடியாது. அடியில் கனத்த குரலில் பேஸ் கிட்டார் எந்தச் சுரத்தைப் பிடிக்கிறதோ, அதை வைத்துத்தான் இது எந்த வீட்டுக்கு, அதாவது எந்த ஆதாரச் சுரத்துக்கு, திரும்பப் போகிறது என்று தெரியும். இதை பஞ்சநதமே குழுவுக்குச் சொல்லியிருக்கிறான். சொன்னதோடு சரி, அதற்குப் பிறகு அவன் அதைப் பற்றி யோசித்ததில்லை.

அவன் அப்பாவும் இதே வித்தையைத்தான் செய்தார். நில உச்சவரம்புச் சட்டம் வந்ததும் நிலத்தை நாலு பேர் பெயரில் நாலு சம பங்காக எழுதி வைத்தார். அதில் ஒரு பெயர் பஞ்சநதம். இன்னொன்று, செத்துப்போய் வெகுநாளான சித்தப்பா. நாலில் யார் உண்மையான சொந்தக்காரர் என்று தாசில்தாருக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. அப்பா வாசித்தது எந்தக் கார்டு என்று கேட்கிற காதுதான் மகனுக்கு இல்லை.

அந்த மாசி மாதத்தில் ஒரு நாள் அவன் கால் தரையில் பாவவில்லை. மறுநாள் சாயங்காலம் கும்பகோணத்தில் கச்சேரி. மெட்ராஸில் சினிமாவுக்கு இசையமைக்கிற ஒருவரின் உதவியாளர் அதைக் கேட்க வருவதாகச் சொல்லி அனுப்பியிருந்தார். அவருக்குப் பிடித்துவிட்டால் மெட்ராஸில் ரெக்கார்டிங் வேலை, அதன்பின் இந்தச் சேற்று நாட்டின் பக்கம் தலைவைத்துப் படுக்க வேண்டியதில்லை. அதற்காகவே அந்தக் கார்டையும் அதற்குரிய எட்டுச் சுர வரிசையையும் வைத்துச் சொந்தமாக ஒன்று போட்டிருந்தான். பாட்டு கிடையாது, வெறும் வாத்தியம்.

பிரச்சினை என்னவென்றால், அதை அவன் குழுவுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது. 'செமிடோன்' என்றால் அவர்கள் விழித்தார்கள். ஆட்சி மாறியதிலிருந்து ஊரில் பெட்டிக்கடைக்கும் தூய தமிழில் பலகை தொங்கியது. அதையும் அவனுக்குப் பிடிக்காது.

"நானும் தமிழ் வளர்க்கிறேன், எழுதிக்குங்க" என்று கேலியாகத்தான் தொடங்கினான். "ஸ்டெப்புன்னா படி. பெரிய ஸ்டெப்பு முழுப்படி, சின்ன ஸ்டெப்பு அரைப்படி. டிமினிஷ்டுன்னா கொறைஞ்சது. இந்த வரிசை எப்படிப் போகும்? முழுப்படி, அரைப்படி, முழுப்படி, அரைப்படி. மரக்கால் வச்சு அளக்கிறவனுக்குக்கூட இது புரியணும்."

குழு சிரித்தது. கேலிக்கு வைத்த பெயர் அதன்பிறகு நிலைத்துவிட்டது.

ஒத்திகை நடந்தது அப்பாவின் நெல் கிடங்கில். கிடங்கு காலியாக இருந்ததற்குக் காரணம், நெல் இன்னும் வயலிலேயே நின்றதுதான். சம்பா முற்றி, தலை சாய்ந்து, கதிர் கொட்டத் தொடங்கியிருந்தது. கூலியில் இன்னும் அரைப்படி நெல் கூட்டித் தராமல் அரிவாளைத் தொட மாட்டோம் என்று கீழத்தெரு ஆட்கள் உட்கார்ந்துவிட்டார்கள். வெளியூர் ஆட்களை இறக்கலாமா என்று தாண்டவமூர்த்தி யோசித்தார். நாலு வருடம் முன்பு வேறு ஊர்களில் அப்படி இறக்கிய இடங்களில் வெட்டும் குத்தும் தீவைப்புமாக என்ன நடந்தது என்று அவருக்குத் தெரியும். அன்றைக்குக் காலையில் கிடங்குக்கு எதிரே களத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பேச ஒப்புக்கொண்டார். கீழத்தெருவின் சார்பில் பேசியவள் ராமாயி. நடவுக்கு ஆள் சேர்க்கிறவள். குரலும் கணக்கும் தெளிவாக இருக்கும்.

ராமாயியின் மகன் முருகையன் கிடங்குக்கு உள்ளே இருந்தான். மிஷன் ஹாஸ்டலில் தங்கிப் படித்தபோது கிட்டார் பழகியவன், பஞ்சநதத்தின் குழுவில் பேஸ் வாசிப்பவன். காது மறைக்கிற முடியும், தெருவைக் கூட்டுகிற பெல்பாட்டமுமாகத் திரிவான். கீழத்தெருவுக்கே சின்னய்யாவாக இருந்த பஞ்சநதத்தை அவன் மட்டும் சார் என்றுதான் கூப்பிடுவான். பஞ்சநதம் அதையும் கவனித்துவைத்திருந்தான்.

மைக்செட் இப்ராஹிம் மறுநாளைக்காகக் கொம்பு ஸ்பீக்கரைக் கிடங்குக் கூரையில் ஏற்றி இணைத்துப் பார்த்துவிட்டு, டீ குடிக்கப் போய்விட்டான். பஞ்சநதத்தின் முன்னால் நின்ற மைக்கை நிறுத்த மறந்துவிட்டான். கதவைச் சாத்திவிட்டு உள்ளே வாசித்துக்கொண்டிருந்தவர்களுக்கு வெளியே என்ன கேட்கிறது என்பது தெரியவில்லை.

"முருகையா, மறுபடியும் பஞ்சமத்துக்கே போறே" என்றான் பஞ்சநதம்.

"கைப்பழக்கம் சார். ஸாவைத் தொட்டா கை அதுவா பாவுக்குப் போயிடுது."

ஆர்மோனியம் வாசிக்கிற தங்கமணி சமாதானமாகச் சொன்னார். "பிரதி மத்யமம்னு சொல்லிடுங்களேன் தம்பி. அதே கட்டைதானே. சட்டுன்னு புடிச்சுக்குவான்."

"அது மத்யமம் இல்ல. கொறைஞ்ச பஞ்சமம். பேரை மாத்தினா கார்டோட அர்த்தமே போயிடும். ஒங்களுக்கெல்லாம் பஜனை மடம்தான் லாயக்கு."

மறுபடி வாசித்தார்கள். முருகையனின் விரல் மறுபடி பஞ்சமத்துக்கே போனது. பஞ்சநதத்துக்கு மறுநாள் சாயங்காலமும் மெட்ராஸும் கண்முன்னே நழுவின.

அந்த நேரத்தில் களத்தில் தாண்டவமூர்த்தி தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு, "சரி, அரைப்படி கூட்டித் தர்றேன். போயி அரிவாளை எடுங்க" என்று சொல்லி முடித்திருந்தார். ஜனங்கள் எழுந்து வேட்டியிலும் சேலையிலும் ஒட்டிய வைக்கோலைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். அதுவரை வெறும் வாத்தியமும் முணுமுணுப்புமாக இரைந்துகொண்டிருந்த கூரையிலிருந்து அப்போதுதான் சின்னய்யாவின் குரல் உரக்க இறங்கியது.

"எத்தனை தடவை சொல்றது? பஞ்சமத்தை அரைப்படி கொறை. அது பழைய எடத்துலயே நிக்கிறதுக்கு என்ன, அப்பன் வீட்டுச் சொத்தா? அரைப்படி கொறைச்சாத்தான் அடங்கும். கொறை."

கொம்பு ஸ்பீக்கர் எந்தச் சொல்லின் வாலையும் ஒழுங்காகக் கொண்டுவந்து சேர்ப்பதில்லை. 'பஞ்சமத்தை' என்றது களத்தில் 'பஞ்சமனை' என்று விழுந்தது. அங்கே நின்றவர்களின் பாட்டன் பூட்டனையெல்லாம் ஊர் அந்தச் சொல்லால்தான் தள்ளி நிறுத்தியிருந்தது. 'அரைப்படி' மட்டும் ஓர் எழுத்தும் சிதறாமல் வந்து சேர்ந்தது.

கிடங்குக் கதவு திறந்தபோது பஞ்சநதம் எரிச்சலோடு திரும்பினான். வாசல் நிறைய ஆட்கள். முன்னால் ராமாயி, பின்னால் வேர்த்து வழிய அப்பா.

"தம்பி, இப்ப மைக்குல என்ன சொன்னீங்க?" என்றாள் ராமாயி.

போன வருடம்வரை அவளும் சின்னய்யா என்றவள்தான். இந்தத் தம்பிதான் அவனுக்கு முதலில் உறைத்தது, மைக் உறைக்கவில்லை.

"பாட்டு சம்பந்தமா பேசிக்கிட்டிருந்தோம்."

"பாட்டுல அரைப்படி எங்கேருந்து வந்துச்சு? பஞ்சமன் எங்கேருந்து வந்தான்?"

"என்னன்னு சொல்லித் தொலைடா" என்றார் தாண்டவமூர்த்தி. "அங்க கதிர் கொட்டிக்கிட்டிருக்கு."

இரண்டே இரண்டு கட்டையைத் தட்டிக் காட்டியிருந்தால் போதும். இது பஞ்சமம், இது அதற்கு அடுத்த கீழ்க்கட்டை, நான் சொன்னது இதைத்தான், உங்களை இல்லை, தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். முடிந்துபோயிருக்கும். வயலுக்குப் போயிருப்பார்கள். ஆனால் டிமினிஷ்டு கார்டைப் பற்றி நாற்று நடுகிறவளுக்குப் பதில் சொல்ல வேண்டிய நிலைமை வந்துவிட்டதே என்பதுதான் அவனுக்குத் தாங்கவில்லை. உதட்டைச் சுழித்தான்.

"சொன்னாப் புரியுமா? பம்பாய்ல படிச்சவனுக்கே புரியறதில்ல. இதைப் போயி ஒங்ககிட்ட..."

அவ்வளவோடு நிறுத்திக்கொண்டான். மிச்சத்தை எல்லாரும் அவன் உதட்டிலேயே பார்த்துவிட்டார்கள்.

ராமாயி அவனை விட்டுவிட்டு மகனைப் பார்த்தாள். "நீ சொல்லுடா. நீ உள்ளதானே இருந்தே."

முருகையன் கிட்டாரைத் தோளில் மாட்டியபடியே நின்றான். அவன் ஆம் என்றாலும் இல்லை என்றாலும் அன்றைய அறுவடை அதன்படிதான் நடக்கும் என்பது அங்கே எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

"சுரத்தைத்தான்மா சொன்னாரு" என்றான். "பஞ்சமம்னு ஒரு சுரம் இருக்கு. அதைக் கீழ எறக்கி வாசிக்கச் சொன்னாரு. அரைப்படின்னா அதோட அளவு."

கூட்டத்தில் ஒரு பெருமூச்சு எழுந்தது. தாண்டவமூர்த்திக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"கேட்டாச்சுல்ல?" என்றான் பஞ்சநதம். "போயி அறுக்கிற வேலையைப் பாருங்க. கதவைச் சாத்துடா முருகையா."

முருகையன் கதவைச் சாத்தவில்லை. வாரைத் தலைவழியாகக் கழற்றி, கிட்டாரை ஆர்கன் மேல் வைத்தான்.

"சுரத்தைத்தான் சொன்னாரு. ஆனா என்னைப் பாத்துத்தான் சொன்னாரு" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, அவளோடு வெளியே போனான்.

வாசலைத் தாண்டும்போது ராமாயி தாண்டவமூர்த்தியிடம் சாதாரணமாகச் சொன்னாள். "அரைப்படி வேணாங்கய்யா. முழுப்படியாப் போட்டுடுங்க."

பொழுது சாய்வதற்குள் தாண்டவமூர்த்தி அதற்கும் ஒப்புக்கொண்டார். கொட்டுகிற நெல் யாருக்காகவும் காத்திருக்கவில்லை. அன்று இரவு மகனோடு சேர்ந்து சாப்பிட மாட்டேன் என்று எழுந்து போய்விட்டார். பஞ்சநதம் நிம்மதியாகச் சாப்பிட்டான். முருகையன் எங்கே போய்விடுவான், சொந்தமாக ஒரு கம்பி வாங்கக்கூட வக்கில்லாதவன், நாளைக்குச் சாயங்காலம் முடியைச் சீவிக்கொண்டு வந்து நிற்பான் என்பது அவன் நினைப்பு.

முருகையன் மறுநாள் சாயங்காலம் வயலில் கட்டுத் தூக்கிக்கொண்டிருந்தான்.

கும்பகோணத்தில் மெட்ராஸ்காரர் சொன்னபடி வந்திருந்தார். வெற்றிலை போட்ட வாய், பட்டன் போடாத கழுத்து, முதல் வரிசை. பஞ்சநதம் தன் உருப்படியை வாசித்தான். அடிச்சுரத்தை இடது கையால் சமாளிக்கப் பார்த்தான். அந்தச் சின்ன ஆர்கனில் அவ்வளவு கீழே கட்டை இல்லை. நாலு சுரமும் நாலு பக்கம் போயின. எதுவும் எங்கேயும் திரும்பவில்லை. கூட்டம் இருமியது. ஒரு குழந்தை அழத் தொடங்க, அதைத் தூக்கிக்கொண்டு போகிற சாக்கில் ஒரு குடும்பமே கிளம்பியது. எருமைகள், என்று நினைத்துக்கொண்டான் பஞ்சநதம்.

மெட்ராஸ்காரர் மேடைக்குப் பின்னால் வந்தார்.

"கையில சரக்கு இருக்கு தம்பி. ஆனா நீங்க எந்த வீட்டுக்குப் போறீங்கன்னே தெரியல. கீழ ஆள் இல்லியா?"

"இருந்தான் சார். வரல."

"அடி இல்லாம இது பேய்ப் படத்துக்குத்தான் ஆகும். அவனையும் கூட்டிக்கிட்டு வெள்ளிக்கிழமை மெட்ராஸ் வாங்க. சேர்ந்து வந்தா கேக்கறேன். தனியா வர்றதா இருந்தா பஸ் செலவு வேணாம்."

மறுநாள் காலை பஞ்சநதம் நல்ல சட்டையாகப் பார்த்துப் போட்டுக்கொண்டு கீழத்தெருப் பக்கம் நடந்தான். வாய்க்கால் மதகுதான் எல்லை. மதகிலிருந்து அந்தப் பக்கம் இறங்கக் கருங்கல் படிகள் உண்டு. பிறந்ததிலிருந்து அதில் அவன் இறங்கியதில்லை. கீழே முருகையன் வீட்டு வாசலில் கூலி நெல்லைப் பாயில் காயப் போட்டுக்கொண்டிருந்தார்கள். முருகையனே குனிந்து காலால் நெல்லைத் துழாவிக்கொண்டிருந்தான். கூப்பிட்டால் கேட்கிற தூரம்.

கூப்பிடலாம் என்றுதான் வாயைத் திறந்தான். டேய் என்று கூப்பிட்டால் வர மாட்டான். வேறு எப்படிக் கூப்பிடுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. இறங்கிப் போய்த் தோளைத் தொட்டு, வாப்பா என்று சொல்ல வேண்டும். ஊரைப் பார்த்துக் கொறை கொறை என்று தொண்டை கிழியக் கத்தியவனுக்கு, தான் ஒரு படி இறங்குவது என்றால் கால் வரவில்லை. மெட்ராஸும் ரெக்கார்டிங்கும் அந்தப் படிக்குக் கீழேதான் கிடந்தன. அப்படியும் வரவில்லை.

அறுப்புக்குப் புறப்பட்ட ராமாயி அரிவாளோடு மதகேறி வந்தவள், அவனைப் பார்த்து நின்றாள்.

"என்ன தம்பி, யாரைப் பாக்கணும்? முருகையனைக் கூப்பிடவா?"

"இல்ல, இல்ல" என்றான் பஞ்சநதம் அவசரமாக. "வாய்க்கால்ல தண்ணி வருதான்னு பாக்க வந்தேன்."

ராமாயி வாய்க்காலை எட்டிப் பார்த்தாள். அடி வெடித்து, காய்ந்த பாசி சுருண்டு கிடந்தது. ஓர் ஆடு அதில் இறங்கி நின்று மேய்ந்துகொண்டிருந்தது.

"மேட்டூரைத் தையிலயே மூடிட்டாங்களே தம்பி" என்றாள். "இனிமே ஆனியிலதான் தண்ணி வரும். அதுவரைக்கும் நிக்கிறதுன்னா நெழலா பாத்து நில்லுங்க."