காவல்காரனுக்குக் கொடுத்த மீன்

எந்த இடத்தில் தோற்றோம் என்று வச்சலாவுக்குப் பிடிபடவில்லை. மேல்முறையீட்டுத் தீர்ப்பின் நகலை முழுக்க வாசித்துவிட்டாள். அவள் கேட்டது என்ன, எதிர்த்தரப்பு மறுத்தது என்ன, யார் யார் சாட்சி, எல்லாம் அதில் இருந்தன. கடைசிப் பக்கத்தில், 'இரு தரப்பு வாதங்களையும் கேட்டு, ஆவணங்களைப் பரிசீலித்ததில், கீழ் நீதிமன்றத் தீர்ப்பு ஏற்கத்தக்கதல்ல' என்று சொல்லி முடித்திருந்தார்கள். ஏன் ஏற்கத்தக்கதல்ல? அது மட்டும் இல்லை.

வழக்கு ஒரு பாதையைப் பற்றியது. நெம்மேலிக்குத் தெற்கே, அவர்கள் குப்பத்துக்கும் கிழக்குக் கடற்கரைச் சாலைக்கும் நடுவில் ஒரு சவுக்குத் தோப்பு இருந்தது. ஏலத்தில் எடுத்த மீனை அன்னக்கூடையில் தூக்கிக்கொண்டு அந்தத் தோப்புக்குள் நடந்துதான் வச்சலா பஸ் பிடிப்பாள். அவள் மாமியாரும் அப்படித்தான் போய்வந்தார். தோப்பை வாங்கிய பக்தவத்சலம் விடுதி கட்டுவதற்காக மதில் எழுப்பினார். இப்போது கடலோரமாக ஈரமணலில் நடந்து, அடுத்த குப்பத்தைச் சுற்றிச் சாலையேற வேண்டும். அலை மதிலைத் தொடும் நாட்களில் அதுவும் முடியாது. அவள் போய்ச் சேர்வதற்குள் வாடிக்கைக்காரர்கள் வேறு கூடையில் வாங்கிவிடுகிறார்கள். மிஞ்சியதைக் கருவாட்டுக்குப் போடுகிறாள். இன்னொரு மழைக்காலம் இப்படியே போனால் வியாபாரத்தை விட்டுவிட வேண்டியதுதான்.

முதலில் விசாரித்த முன்சீப் நீதிமன்றம் பாதையைத் திறக்கச் சொல்லியிருந்தது. இருபது வருஷத்துக்குக் குறையாமல், வெளிப்படையாக, தடையில்லாமல், 'இது என் வழி' என்று ஒருவர் நடந்துவந்தால், நிலம் அடுத்தவருடையதாக இருந்தாலும் நடக்கும் உரிமை அவருக்கு வந்துவிடும். அனுமதி வாங்கி நடந்தால் எத்தனை வருஷம் நடந்தாலும் வராது. மொத்த வழக்கும் இந்த வித்தியாசத்தின் மேல்தான் நின்றது.

குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வக்கீல், "தோப்புக் காவல்காரர் சீனுவுக்கு மீன் கொடுப்பீங்களா?" என்று கேட்டார்.

"குடுக்காம? கூடையத் தூக்கிகினு போசொல்ல எதிர்ல நிக்கிறவருக்கு ஒண்ணு குடுக்காம எப்டி சார் போறது?" வச்சலா சிரித்துக்கொண்டே சொன்னாள்.

கூடை நிரம்பிய நாளில் வழியில் முதலில் எதிர்ப்படும் ஆளுக்கு ஒரு மீன் கொடுப்பது குப்பத்துப் பழக்கம். தோப்பில் முதலில் எதிர்ப்படுகிறவர் சீனு. வக்கீலோ அதை வழிக்கூலி என்றார். கூலி கொடுத்தால் அனுமதி வாங்கியதாகும் என்றார். முன்சீப் அதை ஏற்கவில்லை. எதிரே வருகிற எவருக்கும் கொடுக்கிற மீன் அனுமதிக்கு விலையாகாது என்று எழுதினார். பக்தவத்சலம் போட்ட மேல்முறையீட்டின் தீர்ப்பில் மீனைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லை.

"நீதான்டி கவுத்துட்ட," என்றான் அவள் கணவன் மாரி. "இல்ல சார்னு ஒரு வார்த்த சொல்லிருந்தா வழி தொறந்துகினு இருக்கும்."

"கோர்ட்ல பொய் சொல்ல சொல்றியா?"

"மீனு இன்னா வந்து சாட்சி சொல்லப் போவுதா?"

குழாயடியில் பக்கத்து வீட்டு விஜயகுமாரி, "இன்னாக்கா, எனக்கும் ஒரு மீன் குடேன், எங்க வூட்டு வழியா போய்க்க," என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். அதற்குப் பிறகு வச்சலா யாருக்கும் மீன் கொடுப்பதில்லை. எதிரே ஆள் வந்தால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள்.

செங்கல்பட்டில் தன் வக்கீல் ஜெசிந்தாவின் அறையில் உட்கார்ந்ததும் வச்சலா கேட்டது ஒன்றுதான். "மீனாலதான தோத்தோம் மேடம்? அத மட்டும் சொல்லிடுங்க."

"தெரியலைம்மா."

"உங்களுக்கே தெரியலன்னா?"

"எழுதாதத நான் எங்க போய்ப் படிக்கிறது?" ஜெசிந்தா தீர்ப்பைப் பிரித்து மேசைமேல் வைத்தார். "சாட்சி சொன்னத எல்லாம் எடைபோட்டுப் பாக்கற கடைசி எடம் இந்த அப்பீல் கோர்ட்தாம்மா. இதுக்கு மேல ஹைகோர்ட்ல சட்டக் கேள்வி மட்டுந்தான். அதனாலதான், எதுக்குப் பதில் தேடினோம், என்ன பதில், ஏன் அந்தப் பதில்னு மூணையும் எழுதணும்னு சட்டத்துலயே இருக்கு. கீழ்த் தீர்ப்பக் கவுக்கறப்ப ரொம்ப அவசியம். இவங்க பதில மட்டும் எழுதியிருக்காங்க."

"அப்ப ஹைகோர்ட்ல பாதயத் தொறந்துருவாங்களா?"

"மாட்டாங்க. திருப்பி அனுப்புவாங்க."

"எங்க?"

"இதே கோர்ட்டுக்கு."

வச்சலா ஜன்னலைப் பார்த்தாள். "அங்க மறுபடியும் தோத்துட்டா?"

"தோக்கலாம். ஆனா ஏன்னு தெரியும்."

"தெரிஞ்சிகினு? மதிலு எறங்கி வழி வுடுமா?"

ஜெசிந்தா தீர்ப்பை மடித்து வைத்தார். எத்தனை வருஷமாகும் என்று கேட்டதற்கு உதட்டைப் பிதுக்கினார். அதுவரை மதில் நிற்கும். வழக்கை நடத்த ஒப்புதல் தரும் வக்காலத்தை அவள் பக்கம் நகர்த்தினார். மீனாலா இல்லையா என்று எழுத்தில் தெரியட்டும் என்று வச்சலா கையெழுத்துப் போட்டாள்.

செய்யப்போவது இதுதான். பாதை யாருக்கு என்று உயர் நீதிமன்றத்தில் வாதாடப்போவதில்லை. காரணம் எழுதாமல் கவிழ்த்த தீர்ப்பு செல்லாது என்ற ஒன்றை மட்டுமே இரண்டாவது மேல்முறையீட்டில் கேட்பார்கள். தீர்ப்பு ரத்தானால், அதே நீதிமன்றம் சாட்சியத்தை மறுபடி எடுத்துப் பார்த்து, வச்சலா உரிமையோடு நடந்தாளா, அனுமதியோடு நடந்தாளா என்று பதில் சொல்லி, அதற்கான காரணத்தையும் எழுதியாக வேண்டும்.